உரசும் கதவு, விழாத தாழ்ப்பாள்: வீட்டு அறைக் கதவுகளைச் சரிசெய்ய ஒரு முழுமையான வழிகாட்டி

கதவு தரையில் உரசுகிறது என்றதும் பெரும்பாலான வீடுகளில் முதலில் தேடுவது இழைப்புளியைத்தான். ஆசாரியை வரச்சொல்லி அடியில் கொஞ்சம் சீவிவிடச் சொல்கிறோம். அவரும் சீவிக் கொடுத்துவிட்டுப் போகிறார். சில மாதங்களில் மறுபடி உரசும், மறுபடி சீவுவோம். கடைசியில் கதவுக்கும் தரைக்கும் நடுவே பல்லியும் பாச்சையும் தாராளமாக வந்துபோகிற அளவுக்குச் சந்து விழுந்திருக்கும். தாழ்ப்பாள் மட்டும் அப்போதும் சரியாக விழாது. ஏனென்றால் கோளாறு கதவின் அடியில் இல்லை, மேல் கீலில் இருந்தது.

அறைக் கதவுகளைப் பொறுத்தவரை நான் உறுதியாகச் சொல்வது இதுதான்: முதலில் கீலைப் பாருங்கள், கடைசியாக மரத்தில் கைவையுங்கள். கீலை இறுக்கலாம், தளர்த்தலாம், பின்னால் அட்டை வைக்கலாம், பிடிக்கவில்லை என்றால் எடுத்துவிடலாம். சீவிய மரத்தைத் திரும்ப ஒட்ட முடியாது.

இந்த வழிகாட்டி நம் ஊர் வீடுகளில் வழக்கமாக இருக்கும் கதவுகளுக்கானது. அதாவது கட்டையான மர நிலை, அதில் மூன்று கீல்களில் தொங்கும் ஃப்ளஷ் டோர் (இருபக்கமும் சமமான ஒட்டுப்பலகைக் கதவு) அல்லது பேனல் கதவு (சட்டங்களுக்குள் பலகை பொருத்தியது), மேலே ஒரு தாழ்ப்பாள், நடுவில் ஒரு லாக். குளியலறை பிவிசி கதவைப் பற்றியும், பழைய வீடுகளின் குடுமிக் கதவைப் பற்றியும் பின்னால் சொல்கிறேன்.

கருவியை எடுக்கும் முன் கதவைப் படியுங்கள்

கதவைச் சாத்திவிட்டு, அறைக்குள் விளக்கைப் போட்டு, வெளியே நின்று சந்துகளைப் பாருங்கள். வெளிச்சம் எங்கே அகலமாக வருகிறது, எங்கே மெலிகிறது, எங்கே அறவே இல்லை என்பதிலேயே பாதி விடை கிடைத்துவிடும்.

நன்றாகத் தொங்கும் கதவுக்கு மேலேயும் இரண்டு பக்கமும் சுமார் 3 மி.மீ. சந்து இருக்கும். அடியில் 6 முதல் 10 மி.மீ. வரை இருக்கலாம். இதை அளக்க ஸ்கேலைவிட வசதியானவை பழைய ஏடிஎம் கார்டுகள். ஒரு கார்டின் தடிமன் 0.76 மி.மீ. ஆகவே நான்கு கார்டைச் சேர்த்துப் பிடித்தால் ஏறக்குறைய 3 மி.மீ. சந்தில் நான்கும் நுழைந்தால் சரியான அளவு. இரண்டுதான் நுழைகிறது என்றால் அங்கே நெருக்கம். ஒன்றுகூட நுழையாத இடத்தில்தான் கதவு முட்டுகிறது. கீல் பக்கத்தில் மூன்று இடம், பூட்டுப் பக்கத்தில் மூன்று இடம், தலைப்பக்கத்தில் இரண்டு இடம் என்று அளந்து ஒரு காகிதத்தில் கதவை வரைந்து குறித்துக்கொள்ளுங்கள். அப்படிக் குறித்தால் பின்னால் எந்தக் கீலுக்கு எவ்வளவு என்று ஊகித்துக்கொண்டிருக்க வேண்டாம்.

அடுத்து கதவைப் பாதி திறந்து, பூட்டுப் பக்கத்துக் கைப்பிடியைப் பிடித்து மெல்ல மேலே தூக்குங்கள். இன்னொருவரை மேல் கீலையே பார்க்கச் சொல்லுங்கள். அசைவு எங்கே இருக்கிறது என்பதுதான் கேள்வி. கீலின் தகடு மரத்தைவிட்டுப் பிரிந்து சேர்ந்தால் ஸ்க்ரூ தளர்ந்திருக்கிறது. தகடு அசையாமல் நடுக்கம்பி மட்டும் ஆடினால் கீலே தேய்ந்துவிட்டது, மாற்றத்தான் வேண்டும். கீலும் நிலையும் சேர்ந்து அசைந்தால் விஷயம் பெரியது. நிலையைச் சுவரோடு பிடித்திருக்கும் ஹோல்ட்ஃபாஸ்ட் விட்டுப்போயிருக்கலாம், அல்லது நிலையின் அடிக்கட்டையைக் கரையான் தின்றிருக்கலாம். ஒரு ஸ்க்ரூடிரைவர் முனையால் நிலையின் கீழ் ஒரு அடியைக் குத்திப் பாருங்கள். மரம் பொசுக்கென்று உள்ளே போனால், வேறு எந்த வேலைக்கும் முன்னால் கரையானுக்கு வழி பார்க்க வேண்டும்.

இனி, தொங்கிப்போன கதவின் அடையாளம். மேல் கீல் தளர்ந்தால் கதவின் பூட்டுப் பக்கம் கீழே இறங்கும். அப்போது மூன்று அறிகுறிகள் சேர்ந்தே வரும்: பூட்டுப் பக்கத்து அடிமூலை தரையில் உரசும், பூட்டுப் பக்கத்து மேல்மூலை நிலையில் முட்டும், கீல் பக்கத்தில் மேலே சந்து அகலமாகத் தெரியும். இவை மூன்றும் இருந்தால் சந்தேகமே வேண்டாம். அடியைச் சீவினால் முதல் அறிகுறி மட்டும் மறையும், மற்ற இரண்டும் அப்படியே இருக்கும்.

எடுத்து வைத்துக்கொள்ள வேண்டியவை

நல்ல பிடியுள்ள ஸ்டார் ஸ்க்ரூடிரைவர், சுத்தியல், முக்கால் இன்ச் உளி, ஒரு அரம், 80, 120, 180 நம்பர் உப்புத்தாள், ஃபெவிகால், தூக்குக்குண்டு, கதவுக்கு அடியில் செருக இரண்டு மர ஆப்பு. ட்ரில் இருந்தால் 3 மி.மீ. பிட்டும் வேண்டும். ஒரு மெழுகுவர்த்தியும் சாக்பீசும் இருக்கட்டும். இழைப்புளியை இப்போதைக்கு எடுக்க வேண்டாம்.

ஒரு எச்சரிக்கை. ஏழு அடி உயரமுள்ள கெட்டியான ஃப்ளஷ் டோர் 25 முதல் 35 கிலோ வரை இருக்கும், தேக்குப் பேனல் கதவு அதற்கு மேலும் போகும். கீலைக் கழற்றும் வேலையைத் தனியாகச் செய்யாதீர்கள். குழந்தைகள் அந்த அறைப்பக்கம் வராமல் பார்த்துக்கொள்ளுங்கள்.

ஸ்க்ரூவை இறுக்குவது

கதவைப் பாதி திறந்து, பூட்டுப் பக்கத்தில் அடியில் ஆப்பைச் செருகி, கதவின் எடையை ஆப்பு தாங்கும்படி செய்யுங்கள். எடை கீலில் தொங்கிக்கொண்டிருக்கும்போது ஸ்க்ரூவை முறுக்கினால் கீல் இறங்கிய இடத்திலேயே இறுகிக்கொள்ளும், கதவு உயராது. ஆப்பு தாங்கிய பிறகு மேல் கீல், நடுக்கீல், கீழ்க்கீல் என்ற வரிசையில் நிலைப்பக்க ஸ்க்ரூக்களையும் கதவுப்பக்க ஸ்க்ரூக்களையும் கையாலேயே இறுக்குங்கள். ட்ரில்லால் இறுக்கினால் எப்போது துளை தேய்ந்தது என்றே தெரியாது.

எல்லா ஸ்க்ரூவும் இறுகிவிட்டதா? ஆப்பை எடுத்துவிட்டுத் திரும்ப அளந்து பாருங்கள். பல கதவுகளுக்கு வேலை இத்தோடு முடிந்துவிடும்.

ஏதாவது ஒரு ஸ்க்ரூ சுற்றிக்கொண்டே இருந்தால் அதன் துளை தேய்ந்திருக்கிறது. இதற்கு ஒரு பழைய காரணம் உண்டு. கதவு மாட்டும்போது பலர் துளையே போடாமல் ஸ்க்ரூவைச் சுத்தியலால் அடித்து இறக்கிவிட்டுக் கடைசி இரண்டு சுற்று மட்டும் முறுக்குகிறார்கள். வேலை சீக்கிரம் முடியும், பார்வைக்கும் நன்றாக இருக்கும். ஆனால் ஸ்க்ரூவின் மரை கடித்துப் பிடிக்க வேண்டிய நார் எல்லாம் உள்ளே கிழிந்துபோயிருக்கும். புது வீட்டில் கதவு மாட்டும் நாளில் பக்கத்தில் நின்று, ஒவ்வொரு ஸ்க்ரூவுக்கும் முதலில் துளை போடச் சொல்லுங்கள். பிற்பாடு வரும் கதவுத் தொல்லைகளில் எவ்வளவோ அதிலேயே தீர்ந்துவிடும்.

தேய்ந்த துளைக்கு இரண்டு வழி

சுலபமான வழி, நீளமான ஸ்க்ரூ. நம் ஊர் நிலைக்கட்டை பெரும்பாலும் மூன்று இன்ச் தடிமன் உள்ள முழு மரம். கீலில் வழக்கமாகப் போடும் ஸ்க்ரூ ஒன்றேகால் அல்லது ஒன்றரை இன்ச்தான். அதற்குப் பின்னால் யாரும் தொடாத நல்ல மரம் இன்னும் ஒன்றரை இன்ச் இருக்கிறது. அதே தடிமனில் (வழக்கமாக 8 நம்பர்) இரண்டு அல்லது இரண்டரை இன்ச் ஸ்க்ரூ வாங்கி, பழைய துளை வழியாக 3 மி.மீ. பிட்டால் ஆழமாகத் துளைத்து, மெழுகுவர்த்தியில் ஸ்க்ரூவைத் தேய்த்துவிட்டு முறுக்குங்கள். சோப்பைத் தேய்க்கிறவர்கள் உண்டு, ஆனால் சோப்பு ஈரத்தை இழுத்து ஸ்க்ரூவைத் துருப்பிடிக்க வைக்கும். மெழுகே நல்லது. மேல் கீலின் நிலைப்பக்கத்தில் மட்டும் இப்படி இரண்டு நீள ஸ்க்ரூ போட்டாலே இறங்கிய கதவு பலமுறை தானாக உயர்ந்துகொள்ளும்.

ஸ்க்ரூவின் தலை பழைய ஸ்க்ரூவின் தலை அளவே இருக்க வேண்டும். தலை பெரிதாக இருந்தால் தகட்டின் குழியில் அமராமல் துருத்தும், அதனால் வேறொரு கோளாறு வரும். அதைக் கீழே சொல்கிறேன். பித்தளைக் கீல், பித்தளை ஸ்க்ரூ என்றால் முதலில் அதே அளவு இரும்பு ஸ்க்ரூவை முறுக்கி வழி உண்டாக்கி, அதைக் கழற்றிவிட்டுப் பித்தளையைப் போடுங்கள். நேரடியாக முறுக்கினால் பித்தளை பாதியில் ஒடியும்.

இரண்டாவது வழி, துளையை அடைத்துப் புதிதாகத் துளைப்பது. கதவுப் பக்கத்துத் துளைகளுக்கு இது ஏற்றது. மூங்கில் குச்சியைத் துளைக்குச் சரியாகச் சீவி, ஃபெவிகாலில் தோய்த்து, இறுக்கமாக அடித்து இறக்குங்கள். தீக்குச்சியும் போதும் என்பார்கள். அவசரத்துக்குச் சரி, ஆனால் அது மிருதுவான மரம், அதிக நாள் தாங்காது. ஒரு ராத்திரி காய விட்டு, வெளியே நீட்டியதை உளியால் வெட்டிச் சமன்செய்து, நடுவில் துளைத்து ஸ்க்ரூ போடுங்கள். ஃபெவிகால் ஈரமாக இருக்கும்போதே ஸ்க்ரூவை முறுக்கினால் அடைத்த குச்சியும் சேர்ந்து சுற்றும்.

அட்டை வைப்பது: இந்த வேலையின் உயிர்நாடி

எல்லா ஸ்க்ரூவும் இறுகியும் கதவு சற்றே இறங்கியிருந்தால், அல்லது ஒரு பக்கம் முட்டினால், கீலுக்குப் பின்னால் மெல்லிய துண்டு ஒன்றை வைத்துக் கதவை நகர்த்தலாம். தச்சு வேலைக்காரர்கள் பேக்கிங் என்பது இதைத்தான்.

கணக்கு எளிது. கீழ்க்கீலுக்குப் பின்னால் அட்டை வைத்தால் கதவின் அடிப்பகுதி பூட்டுப் பக்கமாகத் தள்ளப்படும், அதனால் பூட்டுப் பக்கம் மேலே எழும்பும். மேல் கீலுக்குப் பின்னால் வைத்தால் நேர்மாறாக, பூட்டுப் பக்கம் கீழே இறங்கும். எவ்வளவு எழும்பும் என்பதும் தெரிந்துகொள்ளலாம். ஏழு அடிக் கதவில் மேல் கீலுக்கும் கீழ்க்கீலுக்கும் இடையே ஏறக்குறைய ஐந்தரை அடி, கதவின் அகலம் இரண்டே முக்கால் அடி. ஆக, வைக்கும் தடிமனில் பாதி அளவு பூட்டுப் பக்கம் எழும்பும். 1 மி.மீ. வைத்தால் அரை மி.மீ., 2 மி.மீ. வைத்தால் 1 மி.மீ. அதற்குமேல் எழுப்ப வேண்டியிருந்தால் அட்டை மட்டும் போதாது, மேல் கீலின் தகடு அமர்ந்திருக்கும் பள்ளத்தையும் கொஞ்சம் ஆழப்படுத்த வேண்டும். இரண்டையும் சேர்த்துச் செய்தால் கதவு பக்கவாட்டில் அதிகம் நகராமல் நேராகும்.

நடுக்கீலை மறக்கக் கூடாது. கீழே 2 மி.மீ. வைத்தால் நடுவில் 1 மி.மீ. வைக்க வேண்டும். இல்லாவிட்டால் மூன்று கீலும் ஒரே நேர்கோட்டில் நிற்காது. கதவு கனமாகத் திரும்பும், நடுக்கீல் சீக்கிரம் தேயும்.

எதை வைப்பது? அட்டைப்பெட்டித் துண்டு மழைக்காலத்தில் ஈரம் குடித்து நசுங்கிவிடும். தச்சு வேலை நடக்கும் இடத்தில் கேட்டால் மைக்கா ஷீட் துண்டு கிடைக்கும். அது பொதுவாக 1 மி.மீ. தடிமன், நசுங்காது. இல்லையென்றால் பழைய ஏடிஎம் கார்டை வெட்டிக்கொள்ளுங்கள். துண்டு கீலின் தகட்டைவிட ஒரு மி.மீ. சிறிதாக இருந்தால் வெளியே தெரியாது.

செய்முறை:

1. கதவைப் பாதி திறந்து இரண்டு ஆப்பையும் செருகி, கதவு அசையாமல் நிற்கும்படி செய்யுங்கள். ஒருவர் கதவைப் பிடித்துக்கொள்ளட்டும்.

2. அட்டை வைக்க வேண்டிய கீலின் நிலைப்பக்க ஸ்க்ரூக்களை மட்டும் கழற்றுங்கள். மற்றக் கீல்கள் அப்படியே இருக்கட்டும். கதவை முழுதாக இறக்கத் தேவையில்லை. அப்படி இறக்கியே ஆக வேண்டும் என்றால் முதலில் கீழ்க்கீல், பிறகு நடு, கடைசியில் மேல் கீல். மாட்டும்போது மேல் கீலில் இருந்து தொடங்குங்கள்.

3. தகட்டைப் பள்ளத்திலிருந்து மெல்ல நெம்பி எடுங்கள். பெயின்ட் ஒட்டியிருந்தால் முதலில் கத்தியால் ஓரத்தைக் கீறிவிடுங்கள், இல்லாவிட்டால் பெயின்டோடு மரச்சில்லும் பெயரும்.

4. துண்டை வைத்து, ஸ்க்ரூ போகும் இடங்களில் துளையிட்டு, தகட்டை மேலே வைத்து ஸ்க்ரூக்களை முறுக்குங்கள்.

5. ஆப்பை எடுத்துவிட்டுச் சாத்திப் பாருங்கள். கார்டுகளால் திரும்ப அளந்து, முன்பு வரைந்த படத்தோடு ஒப்பிடுங்கள். ஒரு கீலை முடித்து அளந்த பிறகே அடுத்த கீலுக்குப் போங்கள், இல்லாவிட்டால் எதனால் எது நேர்ந்தது என்று தெரியாமல் போகும்.

கதவு நேராகவே தொங்குகிறது, ஆனால் பூட்டுப் பக்கம் முழுக்க நெருக்கம், கீல் பக்கம் முழுக்க 4, 5 மி.மீ. சந்து என்றால் வேலை தலைகீழ். மூன்று கீலின் பள்ளத்தையும் உளியால் சமமாக ஒரு மி.மீ. ஆழப்படுத்துங்கள். கதவு முழுதாகக் கீல் பக்கம் நகர்ந்துவிடும். பூட்டுப் பக்கத்தைச் சீவி, பெயின்ட்டைக் கெடுத்து, லாக்கின் முகத்தகட்டையும் திரும்பக் கொத்த வேண்டிய அவசியம் இல்லாமல் போகும்.

சாத்தினால் திரும்ப வரும் கதவு

சில கதவுகள் எங்கேயும் உரசாது. ஆனால் சாத்தும்போது கடைசி ஒரு இன்ச்சில் எதிர்த்துத் தள்ளும், கையை எடுத்தால் திரும்பிவரும். கீல் பக்கத்தில் கதவும் நிலையும் முன்கூட்டியே மோதிக்கொள்வதால் இப்படி ஆகிறது. கீல் பள்ளம் அளவுக்கு மீறி ஆழமாகியிருக்கலாம், ஸ்க்ரூவின் தலைகள் துருத்திக்கொண்டு இரண்டு தகடும் ஒட்டவிடாமல் தடுக்கலாம், அல்லது தடவித் தடவிப் பூசிய பெயின்ட் கீல் ஓரத்தில் மொத்தையாகச் சேர்ந்திருக்கலாம். முதலாவதற்கு அட்டை, இரண்டாவதற்குச் சரியான தலையுள்ள ஸ்க்ரூ, மூன்றாவதற்குச் சுரண்டி எடுப்பது. இந்தக் கதவை இடித்துச் சாத்தாதீர்கள். ஒவ்வொரு இடிக்கும் கீல் ஸ்க்ரூக்கள் வெளியே இழுக்கப்படுகின்றன, சில மாதங்களில் கதவு தொங்கத் தொடங்கும்.

மழைக்காலத்தில் மட்டும் இறுகினால்

வடகிழக்குப் பருவமழை அக்டோபர் முதல் டிசம்பர் வரை. அந்த மாதங்களில் ஆசாரிகளுக்குக் கதவு சீவும் வேலை குவியும். கொஞ்சம் பொறுங்கள்.

மரம் காற்றின் ஈரத்தை உறிஞ்சினால் நாரின் குறுக்கே விரியும். நார் ஓடும் நீளவாக்கில் விரிவு கிட்டத்தட்ட இல்லை. ஆகவே மரக்கதவு மழையில் அகலத்தில் பெருக்கும், உயரத்தில் பெருக்காது. மழைக்காலத்தில் பூட்டுப் பக்கம் மேலிருந்து கீழ்வரை இறுகினால் அது ஈரம். அடிமூலை மட்டும் உரசினால் அது கீல், மழை வெறும் சாக்கு. பேனல் கதவில் குறுக்குச் சட்டங்களின் நார் கதவின் அகலவாக்கில் ஓடுவதால் அவை அகலத்தைக் கூட்டுவதில்லை. இரண்டு பக்கத்து நெடுஞ்சட்டங்கள்தான் தடிக்கின்றன. ஃப்ளஷ் டோரில் அடுக்குகள் ஒன்றுக்கொன்று குறுக்காக ஒட்டியிருப்பதால் அசைவு இன்னும் குறைவு. தேக்கும் மற்ற பல மரங்களைவிடக் குறைவாகவே அசையும். ஒரு ஃப்ளஷ் டோர் மழையில் பலமாக இறுகுகிறது என்றால் எங்கோ ஓரம் திறந்து கிடந்து தண்ணீர் குடிக்கிறது என்று பொருள்.

பெரும்பாலும் அது மேல் விளிம்பும் கீழ் விளிம்பும்தான். கண்ணில் படாத இடம் என்பதால் பெயின்டர்கள் அதைத் தொடுவதே இல்லை. ஆனால் நெடுஞ்சட்டத்தின் நார் வெட்டப்பட்ட முனைகள் அங்கேதான் இருக்கின்றன. அந்த முனைகள் மரத்தின் பக்கவாட்டைவிடப் பல மடங்கு வேகமாக ஈரத்தை இழுக்கும். ஒரு கண்ணாடியைக் கதவின் அடியில் பிடித்துப் பாருங்கள், மேல் விளிம்பைக் கையால் தடவிப் பாருங்கள். பெயின்ட் படாத வெறும் மரமாக இருந்தால் காரணம் கிடைத்துவிட்டது.

மழை முடியும்வரை என்ன செய்வது? கதவின் பக்கத்தில் சாக்பீசைத் தேய்த்துச் சாத்தித் திறங்கள். சாக்பீஸ் அழிந்த இடம்தான் முட்டும் இடம். அதைப் பென்சிலால் குறித்துவிட்டு மெழுகுவர்த்தியை நன்றாகத் தேய்த்து விடுங்கள். பாதி இறுக்கம் போய்விடும். தை, மாசியில் கதவு தானாக இளகினால் அப்போது விளிம்புகளைப் பெயின்ட் பூசி அடைக்கும் வேலையை வைத்துக்கொள்ளுங்கள். பங்குனி வெயிலிலும் அதே இடம் முட்டினால் மட்டும் சீவலாம். கார்த்திகையில் சீவிய கதவு சித்திரையில் சுருங்கி, லாக்கின் நாக்கு நிலைக்கு எட்டாமல் நிற்பதைப் பல வீடுகளில் பார்க்கலாம்.

சீவித்தான் ஆக வேண்டும் என்றால்

குறித்த கோடு வரை மட்டும். ஃப்ளஷ் டோரின் ஓரத்தில் மெல்லிய கட்டை ஒன்றுதான் ஒட்டியிருக்கும், அதை மீறிச் சீவினால் உள்ளே இருக்கும் துண்டுக்கட்டைகள் வெளியே வந்துவிடும். 3 மி.மீ.க்கு மேல் போகாதீர்கள். லாக் பொருத்தியிருந்தால் முகத்தகட்டைக் கழற்றிவிடுங்கள், இழைப்புளியின் அலகு அதில் பட்டால் அன்றைக்கு வேலை அவ்வளவுதான்.

நெடுக்காகச் சீவும்போது நார் போகும் திசையில் தள்ளுங்கள். மேல் விளிம்பிலும் கீழ் விளிம்பிலும் வெளிமூலையிலிருந்து உள்நோக்கித் தள்ளுங்கள். உள்ளிருந்து வெளியே தள்ளினால் மூலை பிளந்து பெயரும். பூட்டுப் பக்கத்தைச் சீவும்போது இன்னொரு நுணுக்கம்: விளிம்பை நேர்ச்சதுரமாக விடாமல், சாத்தும்போது நிலைக்குள் முதலில் நுழையும் ஓரத்தைச் சற்றுக் கூடுதலாகச் சாய்த்துச் சீவுங்கள். 35 மி.மீ. தடிமனுக்கு ஒன்றரை முதல் 2 மி.மீ. சாய்வு போதும். கதவு வட்டமாகத் திரும்பி உள்ளே வருவதால் அந்த ஓரம்தான் முதலில் நிலையைத் தொடும். இந்தச் சாய்வு இருந்தால் வெளியே தெரியும் சந்தைச் சிறிதாகவே வைத்துக்கொள்ளலாம்.

பிறகு 80, 120, 180 என்று உப்புத்தாள் போட்டு, அன்றைக்கே பிரைமரோ வார்னிஷோ அடித்துவிடுங்கள்.

பழைய தரைமேலேயே புது டைல்ஸ் ஒட்டும் வீடுகளில் தரை ஒன்றரை, இரண்டு செ.மீ. உயர்ந்துவிடும். அங்கே கீலில் செய்ய ஒன்றுமில்லை, அடியை அறுக்கத்தான் வேண்டும். கதவை இறக்கி, கோட்டின் மேல் மாஸ்கிங் டேப் ஒட்டி, கத்தியால் ஆழமாகக் கீறி, பிறகு அறுங்கள். சர்குலர் ரம்பத்தின் பற்கள் கீழிருந்து மேலாக வெட்டுவதால் கதவின் நல்ல முகம் கீழே இருக்கும்படி படுக்க வையுங்கள். கைரம்பம் என்றால் நல்ல முகம் மேலே. அறைக்குள் மிதியடி போடுவீர்கள் என்றால் அதன் தடிமனையும் சேர்த்து அளந்துகொள்ளுங்கள்.

தாழ்ப்பாளும் லாக்கும்

இதைக் கடைசியில் செய்யச் சொல்வதற்குக் காரணம் இருக்கிறது. கதவு நேராகாமல் தாழ்ப்பாள் துளையைப் பெரிதாக்கினால், கதவு நேரான பிறகு அந்தத் துளை தவறான இடத்தில் இருக்கும். நிலையில் மேலும் கீழுமாக மூன்று துளை தோண்டிவைத்த வீடுகள் எத்தனையோ.

கதவு சரியாகத் தொங்கியும் தாழ்ப்பாள் விழவில்லை என்றால், கம்பியின் முனையில் குங்குமமோ சாக்பீசோ தடவி, கதவைச் சாத்திக் கம்பியைத் தள்ளுங்கள். அது முட்டும் இடம் நிலையில் பதியும். ஒன்றிரண்டு மி.மீ. வித்தியாசம் என்றால் துளையை அந்தப் பக்கம் மட்டும் அரத்தால் விரியுங்கள். அதற்கு மேல் என்றால் தாழ்ப்பாளையே கழற்றி நகர்த்துவது நல்லது.

லாக்கின் நாக்கு நிலையில் உள்ள ஸ்ட்ரைக் பிளேட்டில் விழாவிட்டாலும் இதே சோதனைதான். சிறிய வித்தியாசத்துக்குத் தகட்டின் ஓரத்தை அரத்தால் ராவலாம். நாக்கு விழுந்தும் கதவு காற்றில் கடகடவென்று ஆடினால் தகட்டில் உள்ள சிறு மடிப்பைக் கொஞ்சம் உள்பக்கமாக வளையுங்கள். நாக்குக்குப் பக்கத்தில் இன்னொரு சிறு பின் உள்ள சிலிண்டர் லாக் என்றால் கவனம். அந்தச் சிறு பின் தகட்டின் மேல் அழுந்தி நிற்க வேண்டும், துளைக்குள் விழக் கூடாது. விழுந்தால் வெளியிலிருந்து ஒரு கார்டைச் செருகியே நாக்கைத் தள்ளிவிடலாம். அதனால் அந்த லாக்கில் துளையைத் தாராளமாக ராவிவிடாதீர்கள்.

லாக்கின் சாவித்துளைக்குள் எண்ணெய் வேண்டாம், தூசியோடு சேர்ந்து பிசின் ஆகும். பென்சில் கரியைப் பொடியாக்கி ஊதிவிட்டால் போதும்.

தானே திறக்கும், தானே சாத்தும் கதவுகள்

கீல் பக்கத்து நிலைக்கட்டையின் தலை எந்தத் திசையில் சாய்ந்திருக்கிறதோ, கதவு அந்தத் திசையை நோக்கிப் போய் நிற்கும். தூக்குக்குண்டு கட்டிப் பாருங்கள். தலை பூட்டுப் பக்கம் சாய்ந்திருந்தால் கதவு தானே சாத்திக்கொள்ளும். அறைக்குள் சாய்ந்திருந்தால், அறைக்குள் திறக்கும் கதவு பாதி திறந்து நிற்கும். எதிர்ப்பக்கம், அதாவது வாசலைவிட்டு விலகிச் சாய்ந்திருந்தால் கதவு முழுதாகத் திறந்து சுவரில் போய் மோதும்.

பூட்டுப் பக்கச் சாய்வையும் அதன் எதிர்ச்சாய்வையும் அட்டையாலேயே கொஞ்சம் திருத்தலாம். மேல் கீலில் ஒரு துண்டு வைத்தால் கதவு சாத்தும் பக்கம் இழுக்கும், கீழ்க்கீலில் வைத்தால் திறக்கும் பக்கம் இழுக்கும். ஆனால் சந்து இடம் கொடுக்கும் அளவுக்குத்தான். அறைக்குள்ளோ வெளியிலோ சாய்ந்த நிலைக்கு ஒரு கீலைப் பெயர்த்து இரண்டு மி.மீ. முன்னாலோ பின்னாலோ தள்ளிப் பொருத்த வேண்டும். பழைய துளைகளை மூங்கில் குச்சியால் அடைத்துத்தான் அதைச் செய்ய முடியும். அவ்வளவு மெனக்கெட விருப்பமில்லை என்றால் ஒரு காந்த ஸ்டாப்பர் போதும். காற்றோட்டமான வீடுகளில் கதவு படாரென்று அடித்துக்கொள்வதற்கும் அதுவே தீர்வு, கீல்களுக்கும் நல்லது.

குளியலறைக் கதவு

பிவிசி கதவின் உள்ளே வெறும் கூடு. ஸ்க்ரூ பிடிக்க அங்கே மரம் இல்லை, மெல்லிய பிளாஸ்டிக் சுவர்தான். துளை பெரிதானால் இன்னும் தடித்த ஸ்க்ரூ போடுவதில் பயனில்லை. கீலை ஒரு இன்ச் மேலோ கீழோ நகர்த்தி ரிவிட் அடியுங்கள், அல்லது கதவின் ஒரு முகத்திலிருந்து மறுமுகம்வரை போல்ட் போட்டு, பின்னால் ஒரு தகடு வைத்து நட்டு முறுக்குங்கள். கீலும் ஸ்க்ரூவும் ஸ்டெயின்லெஸ் ஸ்டீலாக இருக்கட்டும்.

குளியலறையில் மரக்கதவு என்றால் அடிப்பகுதி தண்ணீரில் ஊறித் தடித்துத்தான் முட்டும். அங்கே சீவுவது இரண்டாவது வேலை. ஊறிய இடத்தை நன்றாகக் காயவிட்டு, அடிவிளிம்பை அடைத்து, உள்பக்கம் அரை அடி உயரத்துக்கு அலுமினியத் தகடு அடித்துவிடுங்கள். தகட்டின் மேல் ஓரத்தில் சிலிக்கான் தடவுங்கள். அதை விட்டால் வழியும் தண்ணீர் தகட்டுக்குப் பின்னால் இறங்கி, முன்பைவிட மோசமாக ஊறும்.

கீச் சத்தம்

தேங்காய் எண்ணெய் அன்றைக்குச் சத்தத்தை நிறுத்தும், பிறகு தூசியைப் பிடித்துக் கெட்டியாகும். தையல் மிஷின் எண்ணெய் இரண்டு சொட்டு, கதவை ஆட்டிக்கொண்டே கீலின் மேல் முனையில் விடுங்கள், வழிவதைத் துடைத்துவிடுங்கள். துருப்பிடித்த கீலில் டபிள்யூடி-40 அடித்துத் துருவை இளக்கலாம், ஆனால் அது சீக்கிரம் உலர்ந்துவிடும், அதன் பின்னும் எண்ணெய் வேண்டும். எண்ணெய் விட்டும் கறுப்புப் பொடி தொடர்ந்து உதிர்ந்தால் கம்பி தேய்கிறது. மூன்று கீலையும் சேர்த்து மாற்றுங்கள். அறைக் கதவுக்கு நான்கு இன்ச் கீல் மூன்று, அதே துளை அமைப்பில் கிடைக்கிறதா என்று பழையதைக் கையில் எடுத்துப்போய்ப் பார்த்து வாங்குங்கள்.

குடுமிக் கதவு உள்ள வீடுகள்

செட்டிநாட்டிலும் தஞ்சைப் பக்கத்திலும் பழைய வீடுகளில் கீலே இல்லாத கதவுகள் உண்டு. கதவின் மேலும் கீழும் நீட்டிக்கொண்டிருக்கும் குடுமிகள் நிலையிலும் படியிலும் உள்ள குழிகளில் சுழலும். காலப்போக்கில் கீழ்க்குடுமி தேய்ந்து கதவு இறங்கித் தரையைத் தொடும். இதற்கும் அடியைச் சீவக் கூடாது. கதவை நெம்புகோலால் சற்றுத் தூக்கி, குழியைச் சுத்தம் செய்து, தேய்ந்த அளவுக்குத் தடிமனான இரும்பு வாஷரையோ பித்தளைத் துண்டையோ குழியில் போட்டு, கொஞ்சம் கிரீஸ் தடவி இறக்கினால் போதும். அந்தக் கதவுகளின் எடையைக் குறைத்து மதிக்காதீர்கள். நான்கு பேர் வேண்டும், அவர்களில் ஒருவராவது இந்த வேலை தெரிந்த ஆசாரியாக இருக்கட்டும்.

ஆசாரியை அழைக்க வேண்டிய இடங்கள்

நிலை சுவரைவிட்டு அசைந்தால், கரையான் தின்றிருந்தால், கதவு முறுக்கிக்கொண்டிருந்தால். முறுக்கைக் கண்டுபிடிக்க, கதவின் நான்கு மூலைகளுக்கும் குறுக்காக இரண்டு நூல் கட்டுங்கள். நடுவில் இரண்டு நூலும் ஒன்றையொன்று தொட்டால் கதவு சமம், இடைவெளி இருந்தாலோ ஒன்றையொன்று அழுத்தினாலோ முறுக்கு. சிறிய முறுக்கு என்றால் நிலையில் கதவு போய் உட்காரும் காடியை அந்த மூலையில் மட்டும் கொஞ்சம் சீவிச் சமாளிக்கலாம். நம் ஊர் நிலைகளில் காடி முழுக்கட்டையிலேயே வெட்டப்பட்டிருப்பதால் அதற்கு நல்ல கை வேண்டும்.

அவர் வரும்போது நீங்கள் அளந்து வரைந்த காகிதத்தைக் காட்டுங்கள். எந்தக் கீலில் எவ்வளவு வைக்கலாம் என்று முதலில் கேளுங்கள். கதவை எப்படியும் இறக்கப்போகிறார் என்றால், திரும்ப மாட்டுவதற்குள் மேல் விளிம்புக்கும் கீழ் விளிம்புக்கும் இரண்டு கோட்டிங் பெயின்ட் அடித்துக் காயவிடுங்கள். மாட்டிய பிறகு கீழ் விளிம்புக்கு பிரஷ் எட்டாது.